சுடலைமுத்துவின் பேரனுக்கு என்ன சர்நேம்?

வணக்கம் சார்,

டோம்பிவிலியிலிருந்து எழுதுகிறேன். தமிழ் சரளமாகப் படிப்பேன், எழுதினால் தப்பு வரும். திருத்திக்கொள்ளுங்கள். வெளியிடுவதாக இருந்தால் என் பெயரைப் போட வேண்டாம்.

நான் பிறந்து வளர்ந்தது தாராவியில். அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து சின்ன வயதிலேயே இங்கே வந்தவர். அவர் பெயர் சுடலைமுத்து என்று வைத்துக்கொள்ளுங்களேன். என்னைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது சர்நேம் என்ற இடத்தில் அப்பா பெயரையே எழுதிவிட்டார்கள். அதனால் ஆபீசில் நான் 'சுடலைமுத்து மேடம்'. கூட வேலை பார்ப்பவர்கள் சுருக்கி 'சுடலை' என்பார்கள். அவர்களுக்கு அர்த்தம் தெரியாது, அதனால் பிரச்சினை இல்லை. ஆனால் ஒரு நாள் வேலையாக வந்த தமிழ்ப் பெரியவர் ஒருவர் என் மேசையில் இருந்த பெயர்ப்பலகையைப் பார்த்துவிட்டு, "சுடுகாட்டுப் பேரை ஏம்மா தூக்கிச் சுமக்கிறே, மாத்திக்கக் கூடாதா?" என்று கேட்டார். அன்றிலிருந்து மனசு ஒரு மாதிரி இருக்கிறது.

என் கணவருக்குச் சொந்த ஊர் களக்காடு. அவர் பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் உண்டு. ரேஷன் கார்டில் யாரோ எழுதியது அப்படியே பள்ளி, பேங்க், பான் கார்டு என்று வந்துவிட்டது. அவருடைய தம்பி ஊரில் படித்தவர், அவருக்கு இனிஷியல் மட்டும்தான். இருவரும் அண்ணன் தம்பி என்று காட்ட ஒருமுறை அஃபிடவிட் எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது.

போன மாதம் எங்களுக்குப் பையன் பிறந்திருக்கிறான். மாமனார், பட்டத்தைத்தான் போட வேண்டும், பம்பாயில் சர்நேம் இல்லாமல் பிழைக்க முடியாது என்கிறார். எனக்குச் சாதியைப் பிள்ளை தலையில் எழுத மனசில்லை. கணவர் இரண்டு பக்கமும் தலையாட்டுகிறார். ஆபீஸில் மராத்தித் தோழி ஒருத்தி, "உங்க ஆளுங்களுக்கு சர்நேமே கிடையாதே, அப்புறம் குடும்ப வரலாறு எப்படித் தெரியும்?" என்று விளையாட்டாகக் கேட்டாள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

தமிழர்களுக்கு நிஜமாகவே சர்நேம் இருந்ததில்லையா? அப்பா பெயர் அவ்வளவு மட்டமான பெயரா? பையனுக்கு என்ன போடலாம்?

ஒரு வாசகி, டோம்பிவிலி

*

அன்புள்ள வாசகிக்கு,

பையன் சுகமாக இருக்கட்டும். உங்கள் மூன்று கேள்விகளில் நடுவில் இருப்பதை முதலில் எடுத்துக்கொள்கிறேன், ஏனென்றால் அந்தப் பெரியவர் மேல் எனக்குக் கொஞ்சம் கோபம் இருக்கிறது.

சுடலை என்றால் சுடுகாடுதான். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் உங்கள் அப்பாவுக்கு வைத்தது இடத்தின் பெயர் அல்ல, சாமியின் பெயர். திருநெல்வேலி, தூத்துக்குடி, கன்னியாகுமரி மாவட்டங்களில் சுடலைமாடன் பூடம் இல்லாத ஊரைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். சிலைகூட வேண்டாம், செங்கல்லில் கட்டிச் சுண்ணாம்பு அடித்த, மேலே போகப் போகக் குறுகும் ஒரு பீடம் போதும். சீவலப்பேரி மாதிரி பெரிய கோயில்களும் உண்டு. கொடை என்னும் கோயில் திருவிழா நடக்கும் இரவில் வில்லுப்பாட்டுக்காரர் அந்தக் கதையைச் சொல்வார். கைலாயத்தில் பார்வதி பிள்ளை வரம் கேட்கிறாள். விளக்கின் சுடரிலிருந்து முந்தானையில் விழுந்த பொறி பிள்ளையாகிறது. அந்தப் பிள்ளை ராத்திரி எழுந்து சுடுகாட்டுக்குப் போய் எரிகிற பிணத்தைத் தின்றுவிட்டு வந்து அம்மா பக்கத்தில் ஒன்றும் தெரியாத மாதிரி படுத்துக்கொள்கிறது. கையில் பிண வாடை. இனி இவனைக் கைலாயத்தில் வைத்துக்கொள்ள முடியாது என்று பூலோகத்துக்கு அனுப்புகிறார்கள், காவல்காரனாக. பயிருக்கும் ஊருக்கும் காவல். ராத்திரி வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சப் போகிறவன் பயமில்லாமல் போக ஒரு துணை வேண்டும் அல்லவா, அந்தத் துணை.

பெரியவருக்கு இது நாட்டார் சாமி, கௌரவக் குறைவு என்று தோன்றியிருக்கலாம். அவர் தேவாரம் கேட்டிருப்பார். சம்பந்தர் மூன்று வயதில் சீர்காழிக் குளக்கரையில் பாடியதாகச் சொல்லும் முதல் பதிகம் 'தோடுடைய செவியன்' என்று தொடங்குகிறது. அதன் இரண்டாவது அடியே 'காடுடைய சுடலைப் பொடிபூசி'. திருமுறை அடங்கலின் முதல் பாட்டிலேயே உங்கள் சர்நேம் வந்துவிடுகிறது. அடுத்த முறை அவர் வந்தால் சொல்லுங்கள்.

முத்து என்பது தென்பாண்டிச் சீமையில் எந்தச் சாமியோடும் ஒட்டிக்கொள்ளும். இசக்கிமுத்து, பேச்சிமுத்து, மாரிமுத்து, சுடலைமுத்து. கொற்கையில் முத்துக் குளித்த கடற்கரை பக்கத்தில்தான் இருக்கிறது. மாரிமுத்துவில் மட்டும் இன்னொரு சாயல் உண்டு. அம்மை போட்டால் 'முத்து இறங்கியிருக்கிறது' என்பார்களே, அது. அம்மையிலிருந்து பிழைத்த பிள்ளைக்கும், பிழைக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்ட பிள்ளைக்கும் அந்தப் பெயர் வைப்பார்கள்.

மட்டமான பெயர் என்று ஒரு வகை நிஜமாகவே நம்மிடம் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். குப்பன், குப்பம்மாள், பிச்சை, மண்ணாங்கட்டி. அடுத்தடுத்துப் பிள்ளைகள் இறந்த வீட்டில் அடுத்ததாகப் பிறந்ததைக் குப்பையில் போட்டு எடுப்பார்கள். அல்லது யாருக்கோ தானம் கொடுத்து, பிச்சையாகத் திரும்ப வாங்குவார்கள். எமன் கண்ணில் இது ஒரு பொருட்டாகவே படக் கூடாது. ஆசை ஆசையாகப் பெற்ற பிள்ளைக்கு மண்ணாங்கட்டி என்று பெயர் வைக்க வேண்டுமானால் அந்தத் தாய் எத்தனையைப் பறிகொடுத்திருப்பாள்! போதும்பொண்ணு என்ற பெயர் வேறு வகை. அதற்கு இப்படி ஒரு நியாயமும் கிடையாது. அது வெறும் அலுப்பு, பெண் பிள்ளை மேல் காட்டிய அலுப்பு.

உங்கள் மராத்தித் தோழிக்கு இது புரியும், அவர்களிடமும் அப்படியே இருக்கிறது. கச்ரு என்றால் குப்பை, நம் குப்பனேதான். தகடூ என்றால் கல், தோண்டு என்றாலும் கல். புனேயில் எல்லோரும் வரிசையில் நின்று கும்பிடும் தகடூசேட் கணபதி, தகடூ என்ற மிட்டாய்க் கடைக்காரர் பெயரால் வழங்குவது. பெண்களுக்காக 1916இல் இந்தியாவின் முதல் பெண்கள் பல்கலைக்கழகத்தைத் தொடங்கி, 1958இல் பாரத ரத்னா வாங்கிய மகரிஷி கார்வேயின் முழுப்பெயர் தோண்டோ கேசவ் கார்வே. அவரை யாரும் 'கல்லுப் பேரை மாத்திக்கக் கூடாதா' என்று கேட்டிருக்க மாட்டார்கள்.

சரி, சர்நேம் கதைக்கு வருவோம்.

தோழி கேட்டதற்கு நேர் பதில்: தலைமுறை தலைமுறையாக மாறாமல் வரும் சர்நேம் நமக்குப் பொதுவாக இருந்ததில்லை. குடும்ப அடையாளம் இருந்தது, அதுவும் இரண்டாயிரம் வருஷமாக. சங்கப் புலவர் பட்டியலை எடுத்துப் பாருங்கள். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார். ஊர், அப்பா, அப்புறம் பெயர். இன்றைக்கு இருந்தால் ம.க. நக்கீரன் என்று கையெழுத்துப் போட்டிருப்பார். மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் என்று ஒருவர். அறுவை என்றால் துணி, ஜவுளிக்கடைக்காரர். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் தானிய வியாபாரி. ஒக்கூர் மாசாத்தியார் பெண், அவருக்கு ஊர் மட்டும். சிலருக்குப் பெயரே தொலைந்துபோய்விட்டது, பாட்டு மட்டும் மிஞ்சியது. தொகுத்தவர்கள் பாட்டில் இருந்த நல்ல சொற்றொடர் ஒன்றை எடுத்துப் பெயராக வைத்துவிட்டார்கள். செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார். அணில் விளையாடும் வீட்டு முற்றத்தைப் பாடியவர் என்பதற்கு மேல் அந்த மனிதரைப் பற்றி நமக்கு எதுவும் தெரியாது. அது போதும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

ஊரும் அப்பாவும் முன்னால், தன் பெயர் கடைசியில் என்ற அதே வரிசை இங்கிலீஷ் எழுத்தில் சுருங்கியபோது இனிஷியல் ஆனது. காஞ்சிபுரம் (அன்றைய இங்கிலீஷில் Conjeevaram) நடராஜன் அண்ணாதுரை சி.என். அண்ணாதுரை ஆனார். அவுல் பக்கீர் ஜைனுலாப்தீன் அப்துல் கலாம் என்ற பெயரில் கொள்ளுத் தாத்தா, தாத்தா, அப்பா மூவரும் வரிசையாக நிற்கிறார்கள். நாலு தலைமுறைக் குடும்ப வரலாறு ஒரே பெயரில். எம்.எஸ். சுப்புலட்சுமியின் 'எம்' மதுரை. 'எஸ்' யார் தெரியுமா? சண்முகவடிவு, அவருடைய அம்மா, வீணைக் கலைஞர். அம்மாவின் இனிஷியல் போடலாமா என்று இப்போதுதான் கேட்கத் தொடங்கியிருக்கிறோம் என்று நினைப்பவர்களுக்கு இதைச் சொல்லலாம்.

நமக்குக் குடும்ப வரலாறு கிடையாது என்று யாராவது சொன்னால் நான் எப்போதும் காட்டுகிற ஆதாரம் ஒன்று இருக்கிறது. சி.வி. ராமன் 1930இல் நோபல் வாங்கினார். எஸ். சந்திரசேகர் 1983இல் வாங்கினார். ராமன் சித்தப்பா, சந்திரசேகர் அண்ணன் மகன். வெளிநாட்டுக்காரன் இந்த இரண்டு பெயரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரே வீடு என்று கண்டுபிடிக்கவே முடியாது, பொதுவாக ஒரு சொல்கூட இல்லை. ஆனால் ராமனின் முதல் எழுத்தான 'சி' அவருடைய அப்பா சந்திரசேகர ஐயர். அந்தச் சந்திரசேகர ஐயரின் பேரன் என்பதால்தான் இன்னொருவருக்குச் சந்திரசேகர் என்றே பெயர். தாத்தா ஒருவர் மகனின் இனிஷியலிலும் பேரனின் பெயரிலும் உட்கார்ந்திருக்கிறார். படிக்கத் தெரிந்தவனுக்கு அங்கே வம்சாவளியே இருக்கிறது. இன்னொரு வேடிக்கை, சர்நேம் முறையில் இருந்திருந்தால் அந்தக் கண்டுபிடிப்புகளுக்குக் குடும்பத்தின் பெயர்தான் போயிருக்கும். 'ராமன் விளைவு', 'சந்திரசேகர் எல்லை' இரண்டும் அந்த மனிதர்களின் சொந்தப் பெயரில் நிற்கின்றன. விஸ்வநாதன் ஆனந்துக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. உலகமே அவரைச் செல்லமாக 'விஷி' என்கிறது. அது அவர் அப்பாவின் பெயர்.

சர்நேம் என்பது ஆதி காலத்திலிருந்து எல்லாருக்கும் இருந்த ஒன்று என்று நினைத்துவிடாதீர்கள். ஜப்பானில் சாதாரண மக்களுக்குக் கட்டாயமானது 1875இல். துருக்கியில் 1934இல் சட்டம் போட்டுத்தான் கொண்டுவந்தார்கள். ஐஸ்லாந்தில் இன்றும் பெரும்பாலோருக்கு அப்பா பெயரோ அம்மா பெயரோதான், 'இன்னாரின் மகன்', 'இன்னாரின் மகள்' என்று. அண்ணனுக்கும் தங்கைக்கும் கடைசிச் சொல் வேறு, ஒரு குறையும் இல்லாமல் நடக்கிறது. பர்மாக்காரரான ஊ தாண்ட் ஐ.நா. பொதுச் செயலாளராகப் பத்து வருஷம் இருந்தார். தாண்ட் என்பது மட்டும்தான் பெயர், ஊ என்பது ஐயா என்பது மாதிரி மரியாதைச் சொல். வரி போடுபவனுக்கும் பட்டாளத்துக்கு ஆள் எடுப்பவனுக்கும் எண்ணிக்கை வேண்டும், எண்ணுவதற்கு மாறாத பெயர் வேண்டும். சர்நேம் பரவியதில் பாதிக் கதை அதுதான்.

மும்பை இதற்கு நல்ல கண்காட்சி. லோக்கல் ரயிலில் ஒரு பெட்டியில் உள்ளவர்களின் பாஸை வாங்கிப் பார்த்தாலே போதும். பாட்டீல் ஊர்த் தலைவர், குல்கர்னி ஊர்க் கணக்கர், ஜோஷி ஜோசியர், சுதார் தச்சர். வாக்மாரே புலியை அடித்தவர் வீடு, சாத்புத்தே ஏழு மகன்கள் வீடு. உங்கள் டோம்பிவிலிக்கு அடுத்தாற்போல உல்லாஸ்நகரில் சிந்திக்காரர்களுக்கு 'ஆனி' என்று முடியும். முன்னோர் ஒருவரின் பெயரோடு சேர்ந்த 'வழிவந்தவர்' என்ற பொருள் அது. பார்சிகள் வெள்ளைக்காரன் காலத்தில் தொழிலையே எடுத்துச் சூடிக்கொண்டார்கள். கிரிக்கெட்டில் ஒரு எஞ்சினியர், ஒரு கான்ட்ராக்டர். பாட்டில் விற்றவர் பாட்லிவாலா. பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு கடன் கொடுத்த குடும்பம் 'ரெடிமணி'. மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் இவர்களோடு சௌகரியமாகப் பேசிக்கொண்டிருப்பார்.

நமக்கு ரொம்பப் பக்கமாக வருவது மராத்தியரின் 'கர்'. ஊர்ப் பெயரோடு சேர்த்தால் அந்த ஊர்க்காரர். அது கல்லில் எழுதியதும் அல்ல. லதாவின் அப்பா தீனாநாத், கோவாவில் தம் ஊரான மங்கேஷியின் பெயரால் மங்கேஷ்கர் என்று தாமே வைத்துக்கொண்டவர். அம்பேத்கர் வீட்டின் பழைய பெயர் சக்பால். ரத்னகிரி மாவட்டத்து அம்படாவே என்ற ஊர்தான் பிறகு அவர் பெயராயிற்று. நம் ஆட்கள் அண்ணாதுரை பெயரில் 'சி' என்று ஓர் எழுத்தில் முன்னால் போட்ட ஊரை இவர்கள் முழுசாகப் பின்னால் போடுகிறார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். அவர்களுடைய பெயர் வரிசையைக் கவனியுங்கள்: சச்சின் ரமேஷ் டெண்டுல்கர். தன் பெயர், அப்பா பெயர், ஊர்ப்பெயர். நக்கீரனாரைத் தலைகீழாகப் போட்டால் இதுதான்.

இப்போது உங்கள் மாமனார். அவர் சொல்வதில் பாதி நிஜம், அதை ஒதுக்கிவிடக் கூடாது. அந்தக் காலத்தில் விக்டோரியா டெர்மினஸில் வந்து இறங்கியவனுக்கு முதல் ராத்திரி படுக்க இடமும், மறுநாள் வேலையும் கொடுத்தது ஊர்க்காரனும் சாதிக்காரனும்தான். பட்டத்தைச் சொன்னால் கதவு திறந்தது. அவருக்கு அது சாதித் திமிராகத் தெரிந்திருக்காது, விலாசமாகத் தெரிந்திருக்கும்.

ஆனால் அந்தப் பட்டம் உங்கள் கணவரின் பெயருக்குப் பின்னால் வந்த வழியைப் பாருங்கள். 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாட்டில் சாதிப் பட்டங்களை விட்டுவிட வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். அதற்குப் பிறகு இரண்டு மூன்று தலைமுறைக்குள் தமிழ்நாட்டில் பெயருக்குப் பின்னால் பட்டம் எழுதுவது பெரும்பாலும் நின்றே போனது. சாதி போகவில்லை, அது வேறு விஷயம். பெயரிலிருந்தாவது போனது. அப்படி உதறிவிட்டு வந்த மனிதன் இங்கே ஒரு ஆபீஸ் ஜன்னல் முன்னால் நிற்கிறான். உள்ளே இருப்பவர் "ஆட்னாவ் காய்?" என்கிறார், சர்நேம் என்ன என்று அர்த்தம். இவருக்கு மராத்தி புரியவில்லை. பக்கத்தில் நிற்கும் ஊர்க்காரர், "உன் சாதிப் பேரைக் கேக்குறார்ல, சொல்லு" என்று எடுத்துக் கொடுக்கிறார். முடிந்தது. மாதுங்காவில் ஐயர், முதலியார். தாராவியில் நாடார், தேவர், கோனார். அங்கே ஒரு தலைமுறை பாடுபட்டு அழித்ததை இங்கே ஒரு காலிக் கட்டம் திரும்ப எழுத வைத்துவிட்டது.

எங்கள் செம்பூர் சொசைட்டியில் பராமரிப்புப் பணம் பாக்கி வைத்தவர்களின் பட்டியலை நோட்டீஸ் போர்டில் ஒட்டுவார்கள். (யார் பாக்கி என்பதை எல்லாரும் படிப்பார்கள், நானும்தான்.) அதில் லட்சுமிகளும் விஜயாக்களும் ஐயர் என்றும் பிள்ளை என்றும் முடிகிறார்கள். இது தமிழ்நாட்டில் எந்தக் காலத்திலும் இருந்த வழக்கம் இல்லை. அந்தப் பட்டங்கள் ஆண்களுக்குப் போட்ட மரியாதை. பெண்ணுக்கு அம்மாள் என்றோ, ஆச்சி என்றோ சொல்வார்களே ஒழிய, லட்சுமி ஐயர் என்று நம் பாட்டி காலத்தில் சொல்லியிருந்தால் சிரித்திருப்பார்கள். பாரம்பரியம் என்று மாமனார் சொன்னால் இதை எடுத்துக் காட்டலாம். இது கும்பகோணத்துப் பாரம்பரியமோ களக்காட்டுப் பாரம்பரியமோ அல்ல, பம்பாய் ஃபாரம் கொடுத்த பாரம்பரியம். வீடு வாடகைக்குத் தேடும்போது புரோக்கர் முதலில் கேட்பது சர்நேமைத்தான், வாடகை எவ்வளவு கொடுப்பீர்கள் என்பது அப்புறம். எதற்குக் கேட்கிறார் என்பது உங்களுக்கே தெரியும். நாளைக்குப் பையனையும் அப்படித்தான் கேட்பார்கள். அந்தக் கேள்விக்கு வேண்டிய பதிலைப் பிறப்புச் சான்றிதழிலேயே எழுதிக் கொடுக்க வேண்டுமா?

கட்டத்தைக் காலியாக விடலாமே என்று சிலர் சொல்வார்கள். இந்திய பாஸ்போர்ட்டில் சர்நேம் இல்லாமலும் தருகிறார்கள், சட்டச் சிக்கல் இல்லை. சிக்கல் வெளியே. அமெரிக்க விசாவில் ஒற்றைப் பெயர் சர்நேம் இடத்துக்குப் போய்விடும். சொந்தப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எஃப்.என்.யு.' என்று மூன்றெழுத்து வரும், முதற்பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். பெற்றவள் பக்கத்தில் இருக்கும்போதே பெயர் தெரியாத பிள்ளை! 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் ஒற்றைப் பெயர் பாஸ்போர்ட்டுக்குச் சுற்றுலா விசா கிடையாது என்று அறிவித்து நம்மவர்கள் பலரை அலைய வைத்தது. அப்பா பெயர் பாஸ்போர்ட்டில் இருந்தால் போதும் என்று பிறகு தளர்த்தினார்கள். பாஸ்போர்ட்டில் படம் இருக்கும் பக்கத்தின் அடியில் இயந்திரம் படிப்பதற்கென்று அம்புக்குறி அம்புக்குறியாக இரண்டு வரி இருக்கும், பார்த்திருப்பீர்கள். அதில் பெயர் வரும் இடத்தில் முதலில் சர்நேம், பிறகு இரட்டை அம்புக்குறி, பிறகு சொந்தப் பெயர். உலகமெல்லாம் அந்த ஒரே அச்சுதான். அதனோடு நாம் சண்டை போட்டுப் பயனில்லை. கட்டத்தை நிரப்புவோம், நமக்குப் பிடித்ததைக் கொண்டு நிரப்புவோம் என்பது என் கட்சி.

என்னைக் கேட்டால் ஊர்ப்பெயர். களக்காடு. சாதி தெரியாது, ஏனென்றால் ஒரே ஊரில் எல்லாச் சாதியும் இருக்கிறது. தலைமுறைக்குத் தலைமுறை மாறாது. கொழுந்தனாருக்கு நாளை பிள்ளை பிறந்தால் அவரும் அதையே போட்டுக்கொள்ளலாம், பெரியப்பா சித்தப்பா பிள்ளைகள் என்று காட்ட அஃபிடவிட் எழுத வேண்டியிருக்காது. மராத்திக்காரர்களுக்கு விளக்கமே தேவையில்லை, "ஓ, களக்காட்கரா?" என்று அவர்களாகவே முடித்துக்கொள்வார்கள். இன்னொரு வசதி, மராத்தியில் நம் ள அப்படியே இருக்கிறது, டோம்பிவிலியில் எந்தக் குமாஸ்தாவும் அதைத் தப்பாக எழுத மாட்டார். ழ வரும் ஊராக இருந்திருந்தால் நானே யோசித்திருப்பேன். இங்கிலீஷில் எப்படி எழுதுவது என்பதை மட்டும் இப்போதே வீட்டில் உட்கார்ந்து முடிவு பண்ணி, எல்லாத் தாளிலும் அதையே எழுதுங்கள். ஒரு எழுத்து கூடினாலும் பிறகு அலைச்சல்தான்.

உங்கள் அப்பா பெயரையே குடும்பப் பெயராக நிலைநிறுத்தவும் செய்யலாம். சிந்திகள் செய்தது அதுதானே. சட்டத்தில் தடை இல்லை. ஆனால் மாமனார் வீட்டில் அதற்கு ஒரு போர் நடக்கும், அதை நடத்தும் தெம்பு பிள்ளை பெற்ற உடம்புக்கு இப்போது வேண்டாம்.

உங்கள் பெயர் விட்டுப்போகும் என்று கவலை வேண்டாம். மகாராஷ்டிர அமைச்சரவை 2024 மார்ச்சில் எடுத்த முடிவின்படி, 2014 மே 1 அன்றும் அதற்குப் பிறகும் பிறந்தவர்களுக்கு அரசு ஆவணங்களில் அம்மா பெயர் கட்டாயம். பிள்ளை பெயர், அம்மா பெயர், அப்பா பெயர், சர்நேம் என்று வரிசை. ஆக, உங்கள் பையன் பெயரில் நீங்கள் இரண்டாவதாக, கணவருக்கு முன்னால் நிற்பீர்கள். சண்முகவடிவு மகளின் பெயரில் நின்ற மாதிரி.

அவசரமும் வேண்டாம். பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும், அது ஆஸ்பத்திரியிலேயே முடிந்திருக்கும். பெயர் இல்லாமலும் பதியலாம். ஒரு வருஷத்துக்குள் கட்டணமில்லாமல் பெயரைச் சேர்க்கலாம், அதற்கு மேலும் தாமதக் கட்டணத்தோடு 15 வருஷம் வரை வழி இருக்கிறது. ஆனால் சேர்க்கும்போது நிதானமாகச் சேருங்கள். 2023 அக்டோபர் 1க்குப் பிறகு பிறந்த பிள்ளைகளுக்குப் பள்ளி, ஓட்டுரிமை, லைசென்ஸ் எல்லாவற்றுக்கும் பிறந்த தேதிக்கு ஆதாரம் அந்த ஒரு சான்றிதழ்தான். அதில் விழுந்த பெயர் கூடவே வரும். கணவரின் பெயரை மாற்றப் போகாதீர்கள். கெஜட்டில் போட்டு மாற்றலாம், ஆனால் பேங்க், பான், பி.எஃப். என்று ஒவ்வொன்றாக ஏறி இறங்க வேண்டும். அப்பாவுக்கும் பிள்ளைக்கும் ஒரே சர்நேம் இருக்க வேண்டும் என்று விதி இல்லை. வெளிநாடு போகும்போது பிறப்புச் சான்றிதழின் நகலைக் கையில் வைத்துக்கொண்டால் போதும்.

மீதி இருப்பது மாமனாரைச் சம்மதிக்க வைப்பது. நீங்கள் இவ்வளவு நீளமாக எழுதியும் பையனின் சொந்தப் பெயரை எழுதவே இல்லை, இன்னும் முடிவாகவில்லை என்று நினைக்கிறேன். அப்படியானால் அந்த இடத்தை மாமனாருக்குக் கொடுத்துவிடுங்கள். அவர் பெயரையோ அவருடைய அப்பா பெயரையோ பிள்ளைக்கு வைக்கச் சொல்லுங்கள், கடைசியில் சொந்த ஊர்ப்பெயர், பட்டம் வேண்டாம் என்று பேசுங்கள். பழைய பெயராக இருந்தால் கூப்பிடுவதற்கு ஒரு சின்னப் பெயர் வைத்துக்கொள்ளலாம். தன் பெயரில் பேரன் ஓடுவதா, தன் பட்டம் பேரன் பெயரில் ஒட்டுவதா என்று கேட்டால் எந்தத் தாத்தாவும் முதலாவதைத்தான் எடுத்துக்கொள்வார். உங்கள் கணவரை விட்டுக் கேட்கச் சொல்லாதீர்கள், அவர் இரண்டு பக்கமும் தலையாட்டிவிட்டு வருவார். நீங்களே கேளுங்கள்.